மூக்கால் சமைத்த அக்கா

“…மத்ததெல்லாம் நான் பாத்துக்கறேன். கூப்புடுதா இல்லியான்னு மட்டும் நீ சொல்லு கண்ணு, எனக்கு அது போதும்.”

போன ஞாயிற்றுக்கிழமை காலையில் புனேவிலிருந்து ஃபோனில் இப்படிச் சொன்னவர், இங்கே திருத்தணியில் எங்கள் பக்கத்து வீட்டில் வெகுகாலம் இருந்த அக்கா. அவருடைய அடுப்படிக்கும் என் தையல் மெஷினுக்கும் நடுவில் ஒரு சந்துதான். ஜன்னலுக்கு ஜன்னல் நேர். கூப்பிடுகிறது என்று அவர் சொன்னது மனிதர்கள் கூப்பிடுவதை இல்லை. அடுப்பில் இருக்கிற சாமான் வாசனை விட்டு ஆளை அழைக்கிறதே, அதை. ‘வாசனை வருது’ என்று அவர் வாயால் சொல்லி நான் கேட்டதே கிடையாது. வேர்க்கடலை கூப்பிடும், தனியா கூப்பிடும், அடுத்த தெருவில் யாரோ நெய் காய்ச்சினால் அதுவும் கூப்பிடும்.

அங்கே புனேவில் இருக்கிற அடுப்பு கூப்பிடுகிறதா என்று இங்கே இருக்கிற என்னை ஏன் கேட்கிறார்? அதற்கு முதலில் அவர் மூக்கைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

நல்ல எடுப்பான மூக்கு. இரண்டு பக்கமும் மூக்குத்தி. அம்மையார்குப்பத்தில் தறிக்காரர் வீட்டில் பிறந்து, இங்கே தறிக்காரருக்கே வாழ்க்கைப்பட்டவர். வீட்டுக்குள் தெலுங்கு, வாசல் தாண்டினால் தமிழ். பின்கட்டில் மாமாவின் பவர்லூம் ஓடிக்கொண்டே இருக்கும். அந்தச் சத்தத்தில் பேசிப் பேசி அக்காவுக்கும் குரல் பெரிசாகிவிட்டது. ரகசியம் சொன்னாலும் எதிர்வீட்டுக்குக் கேட்கும்.

அடுப்பில் எதையாவது வைத்துவிட்டு, தீயைக் குறைத்துவிட்டு, சந்தில் இருக்கிற துவைக்கிற கல்லில் வந்து உட்கார்ந்துகொள்வார். எனக்குத்தான் பதறும். நான் மெஷினை மிதித்துக்கொண்டே கேட்பேன்.

“அக்கா, அடுப்புல ஏதோ வெச்சிட்டு வந்தீங்களே?”

“ஆங், வெச்சிருக்கேன். அது கூப்புடும் இரு. கூப்புடறதுக்கு முன்னாடி போயி போயி மூடியத் தொறந்து பாத்துகினு இருந்தா அதுக்குக் கோவம் வராது? குளிக்கறவங்கள எட்டிப் பாக்கறமாரி.”

அப்புறம் கதை தொடங்கும். பள்ளிப்பட்டு பஸ்ஸில் ஒருத்தி கோழியை மடியில் வைத்துக்கொண்டு டிக்கெட் எடுக்க மாட்டேன் என்று சண்டை போட்ட கதை, நாத்தனார் கல்யாணத்தில் பாயசத்தில் உப்பு விழுந்த கதை. கதை சூடு பிடிக்கிற இடத்தில் சட்டென்று நிற்பார். முகம் லேசாகத் திரும்பும். எழுந்து உள்ளே போய்விடுவார். எனக்கு ஒன்றும் தெரியாது. எனக்கு மெஷின் எண்ணெய் வாடைதான். அவர் உள்ளே போன பிறகுதான் கடாயிலிருந்து கரண்டிச் சத்தம் வரும். அந்தக் கோழிக்கு டிக்கெட் எடுத்தார்களா இல்லையா என்பது எனக்கு இன்றுவரை தெரியாது.

சந்தில் நடந்து வரும்போதே, “உங்க வூட்டுப் பருப்பு அடி புடிக்குது, ஓடு!” என்பார். நான் ஓடினால், அப்போதுதான் பிடிக்கத் தொடங்கியிருக்கும். என் வீட்டுக்காரர் பீடியை விட்டுவிட்டேன் என்று மலை மேல் சத்தியம் செய்துவிட்டு வந்த வாரம். அவரை நிறுத்தி அக்கா கேட்டார்: “இன்னா தம்பி, நீ விட்டுட்டன்னு சொல்ற, சட்ட இன்னும் விடலன்னு சொல்லுதே?” மனிதர் சட்டையைக் கழற்றி நேராக வாளியில் போட்டார்.

எதிரே பைக் ரிப்பேர் கடை வைத்திருக்கிற பாய்க்கு அக்காவைச் சீண்டாமல் பொழுது போகாது. “அக்கா, ஒரு நாளைக்கி அந்த மூக்க வாடகைக்குக் குடுங்கோ. பெட்ரோல் எங்க லீக் ஆவுதுன்னு தேடியே என் இடுப்பு போச்சு.”

“குடுக்கறேன் பாய். கிரீஸ் கையோட தொடாத, அவ்ளோதான்.”

அக்கா செய்வதில் பெரிய சங்கதி, காய்க்குள் மசாலா அடைத்துச் செய்கிறது. பொடிக் கத்தரிக்காயைக் காம்பு போகாமல் நாலாகக் கீறி, வறுத்த வேர்க்கடலை, எள், தனியா, மிளகாய், கொப்பரை, வெங்காயம், பூண்டு, புளி எல்லாம் அரைத்த விழுதை உள்ளே திணித்து, இரும்புக் கடாயில் மூடிபோட்டு வேகவைப்பார். அவர்கள் தெலுங்கில் குத்தி வங்காய். எங்கள் வீட்டில் எண்ணெய்க் கத்தரிக்காய். பாகற்காயைக் கீறி, விதையை எடுத்து, உப்பு பிசறிப் பிழிந்து அதற்குள்ளும் வைப்பார். குடைமிளகாய் ஊருக்குள் மலிவாக வரத் தொடங்கியபோது, “பாரு, இவன் உள்ள காலியா வெச்சிகினே பொறந்திருக்கான், நமக்காக” என்று அதையும் விடவில்லை.

அதிலும் எல்லோருக்கும் ஒரே மசாலா கிடையாது. என் வீட்டுக்காரர் கிருத்திகை தவறாமல் விரதம் இருக்கிறவர், அவருக்கு வெங்காயம், பூண்டு இல்லாமல். பாய்க்கு மிளகாய் தூக்கலாக. எனக்குக் கொப்பரை ஆகாது. மாமாவுக்குப் புளி குறைச்சலாக. இத்தனையும் ஒரே கடாயில் பக்கத்தில் பக்கத்தில் படுத்திருக்கும். பார்த்தால் எல்லாம் ஒரே காய்தான். அக்கா குனிந்து ஒரு மூச்சு இழுப்பார். “இது தம்பிக்கு. இது பாய்க்கு. இந்தா, உன்னுது.” ஒருநாளும் மாறினதில்லை.

“ஒரே மாரி செஞ்சி எல்லாருக்கும் போட்டா வேல சுலுவுதானேக்கா?” என்று நான் ஒரு தரம் கேட்டேன்.

“நீ ஏன் எல்லாருக்கும் ஒரே அளவுல ஜாக்கெட் தெக்கறதில்ல?” என்றார்.



ஊரே வாயையும் மூக்கையும் மூடிக்கொண்டு திரிந்த கொரோனா காலத்தில், புனேவில் வேலை செய்த மகன் வீட்டோடு வந்து இருந்தான். அவன்தான் முதன்முதலில் அந்த வீட்டுக்குள் சீஸ் கொண்டுவந்தான். மாமா அதைக் கையில் எடுத்து அழுத்திப் பார்த்து, “இன்னாடா இது, துணி சோப்பாட்டம் கீது” என்றார். “நைனா, துன்னு பாருங்க” என்று மகன் கொடுத்ததை மென்று, “சோப்புதான்” என்று முடித்துவிட்டார். அக்கா நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு, “இதுக்கு வாயும் இல்ல மூக்கும் இல்ல. கூப்புடத் தெரியாத சாமான்” என்று ஒதுக்கி வைத்தார்.

பிறகு அந்த வீட்டில் எல்லோருக்கும் காய்ச்சல் வந்தது. பெரிதாக ஒன்றும் ஆகவில்லை, எல்லோரும் எழுந்துவிட்டார்கள். மகனும் புனேவுக்குத் திரும்பிவிட்டான். அதற்கப்புறம் பார்த்தால், அவ்வளவு அலட்சியமாக ஒதுக்கி வைத்த அதே சீஸை அக்கா எல்லாவற்றுக்குள்ளும் வைக்கத் தொடங்கினார். கத்தரிக்காய்க்குள் மசாலா, அதற்கு நடுவில் ஒரு துண்டு சீஸ். பாகற்காய்க்குள், குடைமிளகாய்க்குள், பீர்க்கங்காயைக்கூட விடவில்லை. சும்மா சொல்லக் கூடாது, நன்றாகத்தான் இருந்தது. பாகற்காயின் கசப்பு போய் அந்த உப்புப் பாலாடையில் சாய்ந்துகொள்ளும். பாய், “அக்கா, பீட்சாக்கடைக்காரன் வந்து உங்க கால்ல விழப்போறான்” என்றார்.

கூடவே புதிதாக ஒரு பேச்சும் வந்தது. “சீஸ் எட்டிப் பாத்தா எறக்கிடணும்.”

அதாவது காயின் கீறலில் சீஸ் உருகி வெளியே தலை நீட்டியதும் அடுப்பை அணைத்துவிட வேண்டும். துவைக்கிற கல்லுக்கு அக்கா வருவதே நின்றுபோனது. அடுப்பு முன்னாலேயே நின்று, மூடியைத் திறந்து திறந்து பார்த்துக்கொண்டிருந்தார். அப்படிப் பார்த்தால் கோபம் வரும் என்று சொன்ன அதே அக்கா. புதுப் பலகாரம், புதுப் பழக்கம் என்று நான் நினைத்துக்கொண்டேன். இன்னொன்றும் புதிது: யாருக்கு எது என்று தெரிய, காய்களில் கலர் நூல் கட்டத் தொடங்கினார். தறிக்கொட்டகையில் இல்லாத கலரா? என் வீட்டுக்காரருக்கு வெள்ளை, பாய்க்குச் சிவப்பு, எனக்கு மஞ்சள், மாமாவுக்குப் பச்சை. தட்டில் வந்து இறங்கினால் கல்யாணத்துக்குக் காப்புக் கட்டின பிள்ளைகள் வரிசையாக உட்கார்ந்த மாதிரி இருக்கும்.

ஒரு கிருத்திகையன்று பாகற்காய். என் வீட்டுக்காரர் விரதம் இருந்து மலைக்குப் போய்விட்டு வந்து இலை முன்னால் உட்கார்ந்துவிட்டார். நான் தட்டு வாங்கப் போனேன். அக்கா கடாய் முன்னால் நின்றுகொண்டிருந்தார். கடாய்க்குள் கல்யாணம் முடிந்து கலவரம் நடந்த மாதிரி இருந்தது. அந்த முறை எடுத்த சிவப்பு நூல் சாயம் போகிற நூல். சாயம் கரைந்து எண்ணெயில் ஓடி, வெள்ளை நூலும் சிவப்பு, மஞ்சளும் சிவப்பு, எட்டிப் பார்த்த சீஸெல்லாம் ரோஸ் கலர். பச்சை மட்டும் என்னவோ ஒரு கறுப்பாய் நின்றது.

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. “ஹோலிப் பண்டிகையாக்கா?”

அக்கா சிரிக்கவில்லை. “இதுல வெங்காயம் போடாதது எதுன்னு பாரு கண்ணு” என்றார்.

“நான் எங்கக்கா பாக்கறது? நீங்க ஒரு தரம் குனிஞ்சா தெரிஞ்சிடப் போவுது.”

அவர் குனியவில்லை. கரண்டியை என் பக்கம் நீட்டினார். 

“நீயே பாரேன்” என்றார். அவ்வளவு சின்னக் குரல் அவருக்கு இருக்கிறது என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும்.

நான் குனிந்தேன். ஒவ்வொன்றாக முகர்ந்து பார்த்து, பூண்டு வாடை வராத இரண்டை எடுத்துத் தட்டில் வைத்தேன். வைத்துவிட்டு நிமிர்ந்தபோது அவர் சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

“எனக்கு ஒண்ணும் கூப்புடல கண்ணு. அந்தக் காச்சலுக்கு அப்பால ஒண்ணுமே கூப்புடல. கற்பூரம் கூப்புடல. கிராம்ப மூக்குக்குள்ளயே உட்டுப் பாத்தேன், குத்துச்சி, அவ்ளோதான். டாக்டரு தானா வந்துடும்னாரு. வரல.”

அப்போதுதான் எல்லாம் எனக்குக் கோத்து வந்தது. மற்ற எதுவும் வெந்ததா கருகினதா என்று அவருக்கு இனிமேல் சொல்லாது. சீஸ் ஒன்றுதான் கண்ணுக்குத் தெரிகிற மாதிரி வேகும். கூப்பிடத் தெரியாத சாமான் என்று ஒதுக்கினாரே, கடைசியில் அதையே கூட்டுச் சேர்த்துக்கொண்டார்.

“மாமாவுக்குத் தெரியுமா?”

“தெரியாது. தெரியவும் வாணாம். நீயும் சொல்லிடாத. மூக்கில்லாதவ சமைக்கறான்னா யாரு துன்னுவாங்கோ? பாவம்னு துன்னுவாங்கோ. பாவம்னு துன்றவங்க மூஞ்சிக்கு எதிர்ல நான் எப்டி குந்தறது சொல்லு?”

தட்டை எடுத்துக்கொண்டு வந்தேன். என் வீட்டுக்காரர், “இன்னா இது ரோஸ் கலர்ல?” என்றார். “அக்கா இன்னிக்கி பீட்ரூட் போட்டாங்க” என்றேன். பாய் மட்டும் சாயங்காலம் உதடெல்லாம் சிவந்து கடை வாசலில் நின்றுகொண்டு, “அக்கா, வெத்தல போடாமலே செவக்க வெச்சிட்டீங்கோ. என் வூட்டுல எவ குடுத்தான்னு கேக்கறா” என்று சத்தம் போட்டார். அக்கா ஜன்னலிலிருந்து, “போட்டுக் குடுத்தவ பேரு சொல்லிடு பாய், பயப்படாத” என்றார். குரல் பழையபடி பெரிசாக இருந்தது.

மறுநாளிலிருந்து நான் அவருக்கு மூக்கானேன். திட்டம் போட்டெல்லாம் செய்யவில்லை. அவர் கடலையை வறுக்கத் தொடங்கினார், ஜன்னல் வழியாக எனக்கு வாசம் வந்தது, வாய் தானாகச் சொல்லிவிட்டது: “அக்கா, கூப்புடுது.” அந்தப் பக்கம் கரண்டி நின்றது. “எப்டி கூப்புடுது?” என்று கேட்டார்.

“எப்டின்னா?”

“தூரத்துலேந்தா, கிட்டயா? பச்சையா, செவந்தா?”

அவ்வளவு நாள் எனக்கு வாசனை என்றால் நல்ல வாசனை, கெட்ட வாசனை, இரண்டே ஜாதிதான். அக்காவுக்குச் சொல்ல வேண்டும் என்பதற்காக ஒவ்வொன்றையும் இழுத்து நிறுத்திப் பார்க்கத் தொடங்கினேன். கடலை முதலில் பச்சை மண் மாதிரி இருக்கும். பிறகு வெயிலில் காய்ந்த கோணிப்பை. பிறகு ஒரு இனிப்பு. அந்த இனிப்புக்கு நிறுத்திவிட வேண்டும், விட்டால் தீய்ந்த காகிதம். அக்கா திரும்பவும் துவைக்கிற கல்லுக்கு வந்து உட்கார்ந்தார். கதைகள் திரும்ப வந்தன. நடுவில் நான், “கூப்புடுது” என்பேன், அவர் எழுந்து போவார். பாய்க்கு மட்டும் இது புரியவில்லை. “யாரு எப்பப் பாத்தாலும் அக்காவக் கூப்டுகினே இருக்காங்கோ? கடங்காரனா?” என்பார்.

ஆடிக் கிருத்திகைக்குப் பூக்காவடிகள் எங்கள் தெரு வழியாகப் போகும். அரோகரா சத்தம் தெருமுனையில் கேட்டதுமே அக்கா வந்து வாசலில் நிற்பார். முன்பெல்லாம் காவடி கண்ணில் படும் முன்னாலேயே, “மருக்கொழுந்து வருது, கூடவே சம்பங்கி” என்று சொன்னவர். அந்த வருடம் என் தோளைப் பிடித்துக்கொண்டு, “சொல்லு” என்றார்.

சொன்னேன். மருக்கொழுந்து, சம்பங்கி, வேர்வை, விபூதி, யாரோ தலைக்கு வைத்த மல்லி நேற்றுப் பறித்தது, ரோட்டில் தண்ணீர் ஊற்றினதில் தார் வாசம். அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். காவடியிலிருந்து ஒரு சம்பங்கி உதிர்ந்தது. குனிந்து எடுத்து மூக்கில் வைத்து, வைத்தபடியே வெகுநேரம் நின்றார். “பஞ்சு கண்ணு. வெறும் பஞ்சு” என்று சொல்லி அதை என் தலையில் செருகினார்.

அன்று சாயங்காலம் திருவிழாக் கடையில் இரும்புக் கடாய் இரண்டு வாங்கினார். ஒரே அச்சு, ஒரே கனம். ஒன்றை என் கையில் கொடுத்தார். “எதுக்குக்கா?” என்றேன். “ஜோடியா வாங்குனா கொறைக்கறேன்னான்” என்றார். அவன் ஒரு பைசா குறைக்கவில்லை. நான் பக்கத்தில்தானே நின்றேன்.

மருமகள் முழுகாமல் இருக்கிறாள், ஆள் துணை வேண்டும் என்று மகன் கூப்பிட்டான். மாமாவுக்கும் முட்டி வலி. தறிகளை அவருடைய தம்பி மகனிடம் ஒப்படைத்துவிட்டு, இரண்டு பேரும் புனேவுக்குக் கிளம்பினார்கள். டெம்போவில் சாமான் ஏறிக்கொண்டிருந்தது. அக்கா உள்ளே சாமி படங்களைத் துணியில் சுற்றிக்கொண்டிருந்தார். மாமா என்னைச் சந்துப் பக்கம் கூப்பிட்டார்.

“ம்மா, அங்க போனா அவளுக்கு யாரு சொல்லுவாங்கன்னுதான் எனக்குக் கவல.”

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. “இன்னா மாமா?”

“கூப்புடுதுன்னு.” அவர் வேட்டி முனையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். “உப்பு புளி சரியா வந்துடும், அது நாக்கு. பெருங்காயம் மட்டும் அள்ளிக் கொட்டிடுவா. மூணு வேளையும் துன்றவனுக்குத் தெரியாதா? நீ ஜன்னல்லேந்து சொல்றதும் கேக்கும், தறிய நிறுத்திட்டுக் கேப்பேன். எனக்குத் தெரியும்னு அவளுக்குச் சொல்லிடாத. அவ இன்னமும் பெரிய மூக்கோடவே இருக்கட்டும்.”

உள்ளேயிருந்து அக்கா, “இன்னா ரெண்டு பேரும் ரகசியம்?” என்று கத்தினார். “ஒண்ணுமில்லமே, கயிறு கேட்டேன்” என்றார் மாமா.

அவர்கள் போன பிறகு அந்த வீட்டுக்குப் புதிதாக ஒரு குடும்பம் வந்திருக்கிறது. நல்லவர்கள். அடுப்படி ஜன்னலில் கொசுவலை அடித்துவிட்டார்கள். ஆனாலும் வாசம் வரத்தான் செய்கிறது. ஒரு நாள் அவர்கள் எள் வறுத்தார்கள் போலிருக்கிறது. நான் தைத்துக்கொண்டே, “அக்கா, கூப்புடுது” என்றேன். அந்தப் பெண் ஜன்னலுக்கு வந்து, “யாரு கூப்புடறாங்க?” என்று கேட்டாள். யாருமில்லை என்றேன்.

புனேவில் அடுப்புப் பக்கம் நிற்கவே அக்காவுக்கு இடமில்லாமல் போனது. போன புதிதில் கடலையை வறுக்க வைத்துவிட்டு, பழைய ஞாபகத்தில் பால்கனியில் போய் உட்கார்ந்திருக்கிறார். வீடெல்லாம் புகை. மேல்மாடிக்காரர்கள் இறங்கி வந்து கதவைத் தட்டியிருக்கிறார்கள். அன்றிலிருந்து சமையலுக்கு ஒரு அம்மாள் வருகிறாள். மருமகள், “நீங்க ரெஸ்ட் எடுங்க அத்தை” என்கிறாளாம்.

“நல்ல பொண்ணு கண்ணு. அதான் கஷ்டமே” என்று அக்கா ஃபோனில் சொல்வார். “ரெண்டு திட்டு திட்டுனான்னா நானும் ரெண்டு பேசிட்டு அடுப்பாண்ட போயிடுவேன். தலகாணி கொண்டாந்து குடுக்கறா. இன்னா பண்றது?”

“விஷயத்த அவங்ககிட்ட சொல்லிடுங்களேன்க்கா.”

“சொன்னா அத்தோட சரி. அப்பால அடுப்படிக்குத் தண்ணி குடிக்கத்தான் போவணும்.”

கிருத்திகை வந்தால் ஃபோன் வரும். எடுத்ததும், “இன்னிக்கி மல எப்டி கூப்புடுது?” என்பார். மழை பெய்திருந்தால் ஈரக் கல் வாசம் என்பேன். வெயிலாக இருந்தால் கற்பூரமும் காய்ந்த பூவும் என்பேன். “ம், இன்னும் சொல்லு” என்பார். 

போன சனிக்கிழமை மாலை வந்த ஃபோன் வேறு மாதிரி இருந்தது. மருமகளின் அப்பா அம்மா மறுநாள் பிறந்திருக்கிற பேரனைப் பார்க்க வருகிறார்கள். சமையல்கார அம்மாள் வர மாட்டாள். வெளியே வாங்கிக்கொள்ளலாம் என்றிருக்கிறாள் மருமகள். “நான் இருக்கசொல்ல ஹோட்டல் சோறா? குத்தி வங்காய் நான் செய்யறேன்னு சொல்லிட்டேன். மூஞ்சி செத்துப் போச்சு அவளுக்கு. ஆனா சரின்னுட்டா. நாளைக்கி மட்டும் கருகிச்சின்னு வையி, அந்த அடுப்புக்கும் எனக்கும் தீந்துது.”

“சீஸ் இருக்குதேக்கா, எட்டிப் பாத்தா எறக்கிடலாமே?”

“அது காய் வெந்துச்சான்னு சொல்லும். கீழ மசாலா புடிக்குதான்னு அதுக்கு இன்னா தெரியும்? கடல வறுக்கசொல்ல அது எங்க இருக்குது? இங்க இருக்கற அடுப்பு வேற, தணிச்சாலும் சுள்ளுன்னு எரியுது.” அப்புறம் கேட்டார்: “உன்னாண்ட அந்தக் கடாய் இருக்குதா?”

அப்போதுதான் எனக்கு அந்த ஜோடி புரிந்தது. ஒரே கடாய், ஒரே தீ என்றால் இங்கே கூப்பிடுகிறபோதுதான் அங்கேயும் கூப்பிடும்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அவர் சொன்ன மாதிரியே பொடிக் கத்தரிக்காய், அதே அளவு கடலை, அதே சீஸ், எல்லாம் எடுத்து வைத்துக்கொண்டேன். ஃபோனை மிளகாய்த்தூள் டப்பாவில் சாய்த்து வீடியோ போட்டேன். அங்கே அவர் ஜன்னல் விளிம்பில் சாய்த்து வைத்தார். என் தீயை அவர் தீ மாதிரி ஒரு மட்டு கூட்டிக்கொண்டேன். இரண்டு ஊரிலும் ஒரே நேரத்தில் கடாய் காய்ந்தது. கடலையைப் போட்டோம். பச்சை மண், கோணிப்பை, இனிப்பு. “கூப்புடுதுக்கா.” அவர் தட்டில் கொட்டினார். கருகவில்லை, நிறம் திரையிலேயே தெரிந்தது. தனியா, எள், மிளகாய், ஒவ்வொன்றாகத் தாண்டினோம். காய்களில் அடைத்து, நடுவில் சீஸ் வைத்து, எண்ணெயில் அடுக்கினோம். நூல் கட்டவில்லை, யாருக்கு எது பிடிக்கும் என்று அங்கே அவருக்கு இன்னும் தெரியாது.

இரண்டு பேரும் மூடி போட்டோம். அப்போதுதான் அவர் அதைச் சொன்னார்: மத்ததெல்லாம் நான் பாத்துக்கறேன், கூப்புடுதா இல்லியான்னு மட்டும் நீ சொல்லு கண்ணு, எனக்கு அது போதும் என்று.

அவருக்குப் பின்னால் ஹாலில் சம்பந்திகள் வந்துவிட்ட சத்தம் கேட்டது. மருமகளின் குரல் அடுப்படிப் பக்கம் நெருங்கியது. உடனே மாமாவின் குரல்: “ம்மா, இந்த டிவில தமிழ் எப்டி வர வெக்கறது? எனக்குத் தெரியலியே!” இங்கே இருந்தவரைக்கும் தெருவில் எல்லோர் வீட்டு டிவியையும் சரி பண்ணிக் கொடுத்த மனிதர். மருமகள் திரும்பிப் போனாள்.

காத்திருக்கிற நேரத்தில் சும்மா இருக்க முடியுமா? நான் பாய் கதையைத் தொடங்கினேன். பாய் மகனுக்குப் பெண் பார்க்க அரக்கோணம் போனது, வண்டி நடுவழியில் நின்றது, ஊர் வண்டியெல்லாம் சரி பண்ணுகிறவர் தன் வண்டியைத் தள்ளிக்கொண்டு மாப்பிள்ளை வீட்டார் என்று போய் நின்றது. அக்கா வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். கத்தரிக்காய் வதங்குகிற பச்சை வாசம் போய், புளி அடங்கி, கடலையும் எண்ணெயும் ஒன்றாகச் சேர்ந்து ஏறியது. அதற்கு அடியில் மெல்ல, மிக மெல்ல, விளிம்பு சிவக்கிற ஒரு வாசம். என் கதை தானாக நின்றுவிட்டது. என் முகம் கடாய்ப் பக்கம் திரும்பியிருந்தது.

நான் சொல்வதற்கு முன்னால் அவர் என் முகத்தைப் பார்த்துவிட்டார்.

“கூப்புடுதா?”

“கூப்புடுதுக்கா.”

அக்கா அடுப்பை அணைத்தார். மூடியைத் திறந்தார், கீறல்களில் சீஸ் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது. கரண்டியால் ஒரு காயைப் புரட்டி அடியைப் பார்த்தார். பிறகு கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு ஜன்னல் விளிம்பிலிருந்த ஃபோனை எடுத்தார். ஏதோ சொல்லப்போகிறார் என்று நான் காத்திருந்தேன். திரையில் அவர் முகம் பெரிதாகிக்கொண்டே வந்தது, கண் மறைந்தது, நெற்றி மறைந்தது, கடைசியில் அந்த மூக்கும் இரண்டு மூக்குத்தியும் மட்டும்தான். ஃபோனை மூக்கோடு வைத்து அழுத்திக்கொண்டு, அக்கா ஆழமாக ஒரு மூச்சு இழுத்தார்.